தாங்கு எண் தொண்ணூற்றேழு

நடந்த ஒரு காரியத்தை இரண்டு பேர் இரண்டு விதமாகச் சொன்னால் உலகம் என்ன செய்யும்? நமக்குத் தெரிந்தவரை ஒன்றும் செய்யாது. இரண்டையும் இடுப்பில் தூக்கி வைத்துக்கொண்டு அது பாட்டுக்கு நடக்கும். அப்படித் தூக்குவதற்கும் ஓர் அளவு உண்டு, அந்த அளவை முள் வைத்துப் பார்த்துவிடலாம் என்று கண்டுபிடித்த பிறகுதான் மனிதர்களைப் பயம் பிடித்தது. உங்களைப் பயமுறுத்த எனக்கு ஆசையில்லை. ஆனால் இந்தக் கதையைப் பயமில்லாமல் சொல்ல எனக்கு வழி தெரியவில்லை.

கோவில்பட்டியில், மூடிக்கிடந்த ஒரு தீப்பெட்டிக் கம்பெனியின் மாடியில் பதிவு ஒப்புமை மையம் இருந்தது. அங்கே ரெஜினாவும் மங்கையர்க்கரசியும் எட்டு வருஷமாக அளக்கிற வேலை பார்த்தார்கள். அளக்கும் கருவிக்குத் தாங்குமானி என்று பெயர். கல்யாண வீட்டு ஸ்பீக்கர் பெட்டி அளவுக்கு இருக்கும். மேலே ஒரு தட்டு, முன்னால் ஒரு முள். ஒருவருடைய பழைய காகிதங்களைத் தட்டில் வைத்து, நடந்ததை வாயால் சொன்னால், அந்தக் கதை எத்தனை முரண்களைத் தாங்கும் என்று பூஜ்யத்திலிருந்து நூறுக்குள் முள் ஓர் எண்ணைக் காட்டும். நாற்பதுக்கு மேல் இருந்தால் நிம்மதி. பத்துக்குக் கீழே போனால் படிந்துவிடும், அதாவது தாங்காதது நடக்காததாகவே ஆகிவிடும் என்பார்கள்.

திங்கட்கிழமை காலை பதினொரு மணிக்கு மங்கை தன்னுடைய சொந்தக் கோப்பைத் தட்டில் வைத்தாள். அளக்கிறவர்களும் தங்களை அளந்துகொள்ள வேண்டும் என்று சுற்றறிக்கை வந்திருந்தது.

"அக்கா, பெரிசா எதிர்பாக்காதீங்க. அறுபது வந்தாலே அதிகம். எங்கப்பா செஞ்ச வேல அப்படி."

அப்பா செய்த வேலை அந்த மாடியில் எல்லோருக்கும் மனப்பாடம். மங்கைக்கு வயது நாற்பது, சான்றிதழில் நாற்பத்திரண்டு. கையைத் தலைக்கு மேலே சுற்றி மறுபக்கக் காதைத் தொட்டால்தான் ஒன்றாம் வகுப்பு என்றிருந்த காலத்தில், கை எட்டாத பெண்ணுக்கு அப்பா இரண்டு வருஷத்தைக் கூட்டிப் போட்டுவிட்டார் என்பது அவள் கேட்டு வளர்ந்த கதை.

"ரெண்டு வருஷம் முந்தியே ரிட்டயர் ஆகி, வீட்ல உக்காந்து தோச சுடப் போறேன்."

"நீ சுடுத தோசைய திங்க ஆளு வேணும்லட்டி" என்றாள் ரெஜினா, கதவு திறந்திருந்த கூண்டுக்குள் இருந்து.

கூண்டு என்றால், செம்புக் கம்பி வலை சுற்றிய ஒரு கண்ணாடி அறை. ஓர் ஆள் உட்காரலாம். வெளியே பேசுவது சின்ன ஒலிபெருக்கி வழியாக உள்ளே கேட்கும்; உள்ளே பேசுவது வெளியே கேட்காது, கதவைத் திறந்து வைத்தால் ஒழிய. வெளியே ஏதாவது படிந்தால் ஊரே பழையதை மறந்துபோகும். கூண்டுக்குள் இருக்கிறவருக்கு மட்டும் மறக்காது. காணாமல் போனது எது என்று எழுதிவைக்க ஒருவராவது வேண்டுமே, அதற்காக.

முள் எழுந்தது. அறுபதுக்குப் போகவில்லை. ஒன்பதில் நின்றது.

ரெஜினா வெளியே வந்து கருவியை அணைத்துவிட்டு மறுபடி போட்டாள். ஒன்பது. தட்டைத் துணியால் துடைத்து வைத்தாள். ஒன்பது.

"விளையாடாதீங்கக்கா" என்றாள் மங்கை.

"நான் எங்கட்டி விளையாடுதேன்?"

கோப்பைப் பிரித்தார்கள். கடைசியில் புதிதாக ஒரு தாள் சேர்ந்திருந்தது. ஏதோ ஓர் ஆஸ்பத்திரியின் குழந்தைகள் வார்டில் எழுதின பழைய நோட்டு. போன மாதம்தான் யாரோ அதை ஸ்கேன் செய்து அனுப்பியிருக்கிறார்கள். ஊதா மையில் ஒரு வரி. மங்கையர்க்கரசி, ஒன்றரை வயது, வயிற்றுப்போக்கு, இறப்பு. பக்கத்தில் தகப்பன் பெயரும் தெருவும்.

மங்கை அதை மூன்று தடவை வாசித்தாள். "எம்பேரு. எங்கப்பா பேரு. எங்க தெரு. யாருக்கா இது?"

மத்தியானமே ரெஜினாவின் ஸ்கூட்டரில் இருவரும் மங்கையின் வீட்டுக்குப் போனார்கள். மங்கையின் அம்மா ஆவுடையம்மாள் தரையில் உட்கார்ந்து முருங்கைக் கீரை உருவிக்கொண்டிருந்தாள்.

"வாங்க ரெஜினாம்மா. என்ன, ரெண்டு பேரும் வேலய விட்டுட்டு ஊர் சுத்துதீங்களா?"

"எனக்கு முன்னாடி உனக்குப் பிள்ளை பொறந்துச்சாம்மா?" என்றாள் மங்கை, செருப்பைக்கூடக் கழற்றாமல்.

கீரை உருவின கை நின்றது.

"பெத்தது ரெண்டு" என்றாள் ஆவுடையம்மாள். "இருக்கது ஒண்ணு."

"அவளுக்கு வச்ச பேரையா எனக்கு வச்சே?"

"நான் எங்க வச்சேன். உங்கப்பா. அவ போனதுக்கப்புறம் அந்த மனுஷன் யார்கிட்டயும் பேசல. நீ பொறந்த அன்னைக்கு வந்து எட்டிப் பாத்துட்டு, மங்கை வந்துட்டான்னாரு. அதுக்கு மேல வேற பேரு சொல்ல எனக்கு வாய் வரல."

"சர்டிபிகேட்டு?"

"அவ ஆஸ்பத்திரில பொறந்தவ, குடுத்தாங்க. நீ வீட்லயே பொறந்துட்ட. அவளோடது பெட்டிக்குள்ள கெடந்துது. புதுசா ஒண்ணுக்கு யாரு ஆபீஸ் ஆபீஸா அலையன்னு, அதையே பள்ளிக்கூடத்துல குடுத்துட்டாரு. அந்தக் காலத்துல எத்தன வீட்ல அப்படித்தான். யாரு கேட்டா?"

அவள் சொன்னது சரிதான், யாரும் கேட்டதில்லை. பிறந்த காகிதம் பள்ளிக்கூடத்துப் பீரோவிலும் வார்டு நோட்டு எங்கோ ஒரு மூட்டையிலும் கிடந்தவரை இரண்டும் ஒன்றையொன்று பார்த்ததே இல்லை.

"இப்ப கேக்காங்கம்மா" என்றாள் ரெஜினா. "வியாழக்கிழமை எல்லா ஆபீஸ் காகிதத்தையும் ஒரே பதிவாச் சேக்கப் போறாங்க. சேத்தா சண்ட வரும். தாங்கலன்னா படிஞ்சிரும்."

"படிஞ்சிரும்னா?"

ரெஜினா தரையில் உட்கார்ந்தாள். "பைபாஸ்ல ஒரு டீக்கடை இருந்துது. அண்ணன் தம்பி ரெண்டு பேரு. நான்தான் ஆரம்பிச்சேன்னு ஒருத்தன், இல்ல நான்தான்னு இன்னொருத்தன். ரெண்டு பேரும் சத்தியம் பண்ணிக் கையெழுத்துப் போட்டுட்டாங்க. கூண்டுல நான்தான் இருந்தேன். முள்ளு நாலுக்கு எறங்குச்சு. சாயங்காலம் போயிப் பாத்தா கடை இல்ல. இடிஞ்சு கெடக்கலம்மா, அங்க கடையே இருந்ததில்ல. கருவ மரம் நிக்கி. அதுக்கு முன்னால ஆறு பேரு வலது கைய இப்படிப் பாதி தூக்கிட்டு நிக்காங்க. எதுக்கு வந்தோம்னு ஒருத்தருக்கும் தெரியல."

ஆவுடையம்மாள் தன் கையைப் பார்த்துக்கொண்டாள்.

"மங்கை விஷயத்துல என்னன்னா," என்றாள் ரெஜினா, "பொறந்ததுக்குக் காகிதம் இருக்கு. செத்ததுக்கும் இப்ப காகிதம் வந்துட்டு. பேரு, அப்பா பேரு, வயசு எல்லாம் ஒண்ணோட ஒண்ணு பொருந்துது. அந்த ரெண்டுக்கும் சண்டையே இல்ல. சண்ட போடுதது..."

"நான்தான்" என்றாள் மங்கை. "நான்தாம்மா அந்த டீக்கடை."

ஆவுடையம்மாள் மகளை இழுத்து மடியில் சாய்த்துக்கொண்டாள். கீரையெல்லாம் சேலையில் ஒட்டிக்கொண்டது.

மையத்தின் கண்காணிப்பாளர் பரமானந்தம் நல்ல மனுஷன். ஆனால் அவரால் முடிந்தது கொஞ்சம்தான். "ஒரு பேரை மட்டும் எப்படிம்மா எடுத்து வைக்கிறது? மாநிலம் பூராவும் ஒரே நேரத்துல சேருது. புதுசாப் பிறப்புப் பதியணும்னா கோர்ட்டுக்குப் போகணும், நாலு மாசம் ஆகும். புதன்கிழமைக்குள்ள தாயார் நேர்ல வந்து ஒரு வாக்குமூலம் குடுத்தா அதைச் சேத்துக்கலாம். பெத்தவங்க சொல்லுக்கு எடை ஜாஸ்தி."

என்ன சொல்ல வேண்டும் என்பதுதான் கேள்வி. கையெழுத்து இல்லாமல் சும்மா சொல்லிப் பார்த்தால் எதுவும் படியாது, முள் மட்டும் காட்டும். செவ்வாய்க்கிழமை முழுக்க அதைத்தான் செய்தார்கள். ரெஜினா கூண்டில். மங்கை கருவிக்கு முன்னால், நாளை அம்மா உட்கார வேண்டிய இடத்தில்.

"பிறந்தது இரண்டு. மூத்தது இறந்தது. இளையது நான்."

உண்மை அதுதானே. முள் ஆறுக்கு இறங்கியது.

ரெஜினாவுக்குக் காரணம் புரிய நேரமாகவில்லை. இரண்டாவதாகப் பிறந்தவளுக்கு இந்த உலகத்தில் ஒரு துண்டுக் காகிதம் கிடையாது. பள்ளிக்கூடம், ரேஷன் கார்டு, வேலை உத்தரவு, இன்ஷூரன்ஸ் என்று நாற்பது வருஷமாக எல்லாவற்றிலும் இருப்பது மூத்தவளின் பிறந்த தேதி. இளையவள் என்று சொன்னால் அத்தனையும் எதிரே வந்து நிற்கின்றன.

பிரசவம் பார்த்த கிழவியைச் சேர்த்துச் சொன்னார்கள். ஏழு. அப்பாவின் ஆசையைச் சேர்த்துச் சொன்னார்கள். ஐந்து. மத்தியானம் மங்கை சாப்பாட்டு டப்பாவைத் திறந்து மூடி வைத்தாள். "அக்கா, கரைஞ்சு போறது வலிக்குமா?" என்று கேட்டாள். ரெஜினா, "கிறுக்கு மாதிரிப் பேசாத" என்று அதட்டினாள்.

மூன்று மணிக்கு ரெஜினாவுக்குத்தான் அந்த யோசனை வந்தது. கதவைத் திறந்து தலையை நீட்டினாள்.

"இப்படிச் சொல்லிப் பாரு. பொறந்தது ஒண்ணு. அது சாகல. நோட்டுல எழுதினது தப்பு."

மங்கை சொன்னாள்.

முள் எழுந்தது. எழுந்துகொண்டே இருந்தது. தொண்ணூற்றேழு.

எட்டு வருஷத்தில் இருவரும் அப்படி ஓர் எண்ணைப் பார்த்ததில்லை. சொந்தக் கல்யாணத்தைச் சொல்கிறவர்களுக்கே எண்பதுதான் வரும். ரெஜினா வெளியே ஓடிவந்து மங்கையைக் கட்டிக்கொண்டாள். இருவரும் அழுதார்கள், சிரித்தார்கள், மத்தியானச் சாப்பாட்டை நாலு மணிக்குச் சாப்பிட்டார்கள்.

"அக்கா," என்றாள் மங்கை கை கழுவும்போது, "அம்மா அவள மறந்துருவால்லா?"

"எவள?"

"எங்கக்காவ. பொறந்தது ஒண்ணுன்னு படிஞ்சிட்டா, அப்புறம் அம்மாவுக்கு அவ இல்லாமலே போயிருவால்லா."

"நாப்பது வருஷமா நெஞ்சுல கல்லு. மறந்தா நல்லதுதான?" என்றாள் ரெஜினா. "இருக்கவள பாப்போம்ட்டி மொதல்ல."

புதன்கிழமை காலையில் ஆவுடையம்மாள் நல்ல சேலை கட்டி வந்தாள். விஷயத்தைச் சொன்னதும் எழுந்துவிட்டாள்.

"பெத்த பிள்ளைய இல்லன்னு சொல்லச் சொல்லுதீங்களா? நான் மாட்டேன்."

"இல்லன்னு சொல்ல வேண்டாம்மா" என்றாள் ரெஜினா. "சாகலன்னு சொல்லுங்க. அது போதும்."

"சாகலன்னா?"

"ஆமா."

ஆவுடையம்மாள் மெதுவாக உட்கார்ந்தாள். "அத நான் நாப்பது வருஷமா சொல்லிட்டுதான் இருக்கேன், ரெஜினாம்மா. கேக்கதுக்குத்தான் ஆளு இல்ல."

ரெஜினா கூண்டுக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். மங்கை அம்மாவின் பக்கத்தில் நின்று கையைப் பிடித்துக்கொண்டாள். மங்கை கண்ணாடி வழியாக ரெஜினாவைப் பார்த்து, முடிந்ததும் டீ வாங்கித் தரணும் என்று சைகை காட்டினாள்.

பரமானந்தம் படிவத்தை எடுத்தார். "குழந்தைகள் எத்தனைம்மா?"

"ஒண்ணு."

"பேரு?"

"மங்கையர்க்கரசி."

"இந்த நோட்டுல ஒன்றரை வயசுல இறந்துட்டதா எழுதியிருக்கு."

"தப்பு" என்றாள் ஆவுடையம்மாள். "எம்பிள்ளை சாகல."

ஒலிபெருக்கியில் அந்தக் குரலைக் கேட்டதும் ரெஜினா தலையைத் தூக்கிப் பார்த்தாள். பொய் சொல்கிறவர்களை அவள் ஆயிரம் பேர் பார்த்திருக்கிறாள். யாருக்காகப் பொய் சொல்கிறார்களோ அவர்களை ஒரு தடவையாவது ஓரக்கண்ணால் பார்ப்பார்கள். ஆவுடையம்மாள் பக்கத்தில் நின்ற மங்கையைப் பார்க்கவே இல்லை. குனிந்து தன் மடியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஒன்றரை வயதுக் குழந்தை ஒன்று படுக்கிற இடம் அது. அவள் பொய் சொல்லவில்லை. அவள் வேண்டிக்கொண்டிருந்தாள்.

தாங்குமானி, கதை நிற்குமா என்று மட்டும்தான் சொல்லும். அந்தக் கதைக்குள் யார் நிற்பார்கள் என்று அது எந்நாளும் சொன்னதில்லை. இந்த வேலையில் சேர்ந்த முதல் வாரத்தில் சொல்லித் தருகிற பாடம். ரெஜினா அதை நேற்று மூன்று மணிக்கு மறந்துபோயிருந்தாள்.

"கையெழுத்துப் போடாதீங்க! ஆவுடையம்மா, போடாதீங்க!"

கண்ணாடியை இரண்டு கையாலும் அறைந்தாள். வெளியே கேட்கவில்லை. கூண்டுக் கதவின் தாழ்ப்பாளைத் தேடி அவள் விரல்கள் தடவியபோது, பேனா காகிதத்தை விட்டு எழுந்தது.

முள் தொண்ணூற்றேழு.

சத்தம் எதுவும் இல்லை. விளக்குக்கூட மினுங்கவில்லை. ரெஜினா கதவைத் திறந்தாள். ஆவுடையம்மாளின் கையைப் பிடித்தபடி மங்கை அப்படியேதான் நின்றிருந்தாள். ரெஜினாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

"மங்கை! பயந்தே போனேன்ட்டி."

அந்தப் பெண் திரும்பினாள். "சொல்லுங்க மேடம்."

மங்கையின் முகம்தான். அதே முகத்தை வேறொரு கை வரைந்த மாதிரி இருந்தது. தாடை கொஞ்சம் அகலம். மூக்கின் இரண்டு பக்கமும் குத்தியிருந்தது. காதோரம் நரை.

"உங்களுக்கு இவங்கள முன்னாடியே தெரியுமா, ரெஜினா?" என்று பரமானந்தம் ஆச்சரியமாகக் கேட்டார்.

ரெஜினா தன் மேஜையைப் பார்த்தாள். எட்டு வருஷமாக அதை ஒட்டிக் கிடந்த இன்னொரு மேஜை அங்கே இல்லை. அந்த இடத்தில் தண்ணீர் கேன் நின்றது. தரையில் அதன் வட்டக் கறை, ரொம்ப நாளாக அங்கேயே இருந்த கறை.

"முடிஞ்சுதா மேடம்?" என்றாள் அந்தப் பெண். "தையல் கடைய அடைச்சிட்டு வந்திருக்கேன். சாத்தூருக்குத் திரும்பிப் போகணும். முகூர்த்த நாள் வருதுல்லா, ஜாக்கெட் துணி மலையாக் கெடக்கு."

"முடிஞ்சுது" என்றாள் ரெஜினா.

"ஏதோ பழைய நோட்டுல இவ செத்துட்டான்னு எழுதி வச்சிருக்காங்களே, எப்படி மேடம்?" ஆவுடையம்மாள் சிரித்தாள். அந்தச் சிரிப்பில் நாற்பது வருஷத்துச் சுமை எதுவும் இல்லை. சற்று முன்புவரை இருந்த முகத்துக்கு அது பத்து வயது இளைய முகம். "வயித்தால போயி, பொழைக்க மாட்டான்னுதான் டாக்டரே சொன்னாரு. விடிஞ்சு பாத்தா கண்ணத் தொறந்து பாலு கேக்கா. எழுதினவன் அவசரப்பட்டுட்டான் போல."

ரெஜினாவுக்கு அவளை உலுக்க வேண்டும் போல இருந்தது. உனக்கு இன்னொருத்தி இருந்தாள், தோசை சுடத் தெரியாதவள், திங்கட்கிழமை உன் மடியில் கீரையோடு கிடந்தாள் என்று கத்த வேண்டும் போல இருந்தது. கோப்பு இன்னும் தட்டில்தான் இருந்தது. முள் உயிரோடுதான் இருந்தது. கூண்டில் இருந்தவள் சாட்சி சொன்னால் அதற்கும் எடை உண்டு. சொன்னால் முள் இறங்கும். இறங்கினால் மங்கை திரும்பி வர மாட்டாள். டீக்கடை திரும்பி வந்ததா? இந்தத் தையல்காரியும் சேர்ந்து போவாள். இவளுக்கு வீட்டில் யார் யார் காத்திருக்கிறார்களோ.

நாக்கைக் கடித்துக்கொண்டு நின்றாள். தாயும் மகளும் படிக்கட்டுக்குப் போனார்கள். முதல் படியில் ஆவுடையம்மாள் நின்றாள்.

"சின்னவளே, குடைய எடுத்துட்டியா?"

அந்தப் பெண் சிரித்தாள். "யாரும்மா சின்னவ? நான் ஒருத்திதான இருக்கேன்."

"தெரியலட்டி. வாய்ல வந்துட்டு." ஆவுடையம்மாளின் நெற்றி சுருங்கியது. "யாரையோ கூப்பிட்டேன்."

ரெஜினா முள்ளைப் பார்த்தாள். கையெழுத்துப் போட்டவள் சும்மா சொன்னாலும் இனி அதற்கு எடை உண்டு. எண்பது. அறுபத்தைந்து.

"ஒருத்தி இருந்தாளே..." ஆவுடையம்மாள் மகளின் முகத்தைத் தடவினாள், எதையோ தேடுகிற மாதிரி. "இந்த மூக்கு இல்ல. அவளுக்கு வேற மூக்கு."

ரெஜினாவின் உடம்பு முழுக்க அந்த வார்த்தையைக் குடித்தது. சொல்லுங்கம்மா. இன்னும் கொஞ்சம் சொல்லுங்க. இந்த உலகத்தில் நான் ஒருத்தி மட்டும் அவளைச் சுமந்தால் எனக்குத் தாங்காது.

முப்பது. இருபத்திரண்டு. படிக்கட்டின் கைப்பிடியைப் பிடித்திருந்த அந்தப் பெண்ணின் விரல்கள், பிடி கிடைக்காதது போல நழுவின. "அம்மா, தல சுத்துது" என்றாள்.

"அவ பேரு கூட..."

"ஆவுடையம்மா!" ரெஜினா கத்தினாள். "சாத்தூர் பஸ் வந்துட்டு! ஓடுங்க, ஓடுங்க!"

"ஐயையோ, அத விட்டா ஒரு மணி நேரம் நிக்கணும்" என்று ஆவுடையம்மாள் மகளின் கையைப் பிடித்து இழுத்தாள். செருப்புச் சத்தம் தடதடவென்று இறங்கியது. அது இறங்க இறங்க முள் ஏறியது. நாற்பது. எழுபது. தொண்ணூற்றேழு.

ரெஜினா ஜன்னலுக்குப் போனாள். கீழே சாலை வெறுமையாகக் கிடந்தது. இருவரும் மூச்சு வாங்கிக்கொண்டு வெயிலில் நின்று இரண்டு பக்கமும் பார்த்தார்கள். அந்தப் பெண் நெற்றிக்கு மேலே கையை வைத்து ஜன்னலை அண்ணாந்து பார்த்தாள்.

"எங்க மேடம்? ஒண்ணையும் காணோமே!"

ரெஜினா ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

"போயிட்டு" என்றாள்.